மை படாத விரல்கள்!

தேர்தல் வந்துவிட்டால் சென்னையில் பேச்சுக்குப் பஞ்சம் இல்லை.

டீக்கடை பெஞ்சில் அரசியல். பஸ்சில் அரசியல். சலூனில் அரசியல். "இந்தத் தடவை யாரு வருவா?" என்று ஆட்டோ ஓட்டுகிறவர் முதல் ஆபீஸ் மானேஜர் வரை கேட்காதவர் கிடையாது.

ஆனால் ஓட்டுப்பதிவு அன்று மாலை கணக்கைக் கூட்டிப் பார்த்தால்? தமிழ்நாட்டில் கடைசி வரிசையில் நிற்பது தலைநகர் சென்னை!

2021 சட்டசபைத் தேர்தலில் கரூர் மாவட்டத்தில் 83.92 சதவீதம் பேர் ஓட்டுப்போட்டார்கள். சென்னையில் 59.06 சதவீதம். நகரின் 16 தொகுதிகளில் ஒன்றான வில்லிவாக்கத்தில் 55.52 சதவீதம்தான்.

2024 பாராளுமன்றத் தேர்தலிலும் அதே கதை. தர்மபுரியில் 81.20 சதவீதம். மத்திய சென்னையில் 53.96. தென்சென்னையில் 54.17. வடசென்னை ஒன்றுதான் 60-ஐத் தொட்டது.

2022 மாநகராட்சித் தேர்தலோ இன்னும் மோசம். 43.59 சதவீதம்! 100 பேரில் 56 பேர் ஓட்டுச்சாவடி பக்கமே எட்டிப்பார்க்கவில்லை.

ஒவ்வொரு முறையும் இந்தக் கணக்கு வந்ததும் ஒரே வசைதான். "சென்னைக்காரன் சோம்பேறி. லீவு விட்டால் டி.வி. முன்னால் உட்கார்ந்துவிடுவான். இல்லாவிட்டால் மகாபலிபுரம் போய்விடுவான்."

இது முழு உண்மையா?

லீவுதான் காரணமா?

2024-ல் ஓட்டுப்பதிவு வெள்ளிக்கிழமை நடந்தது. சனி, ஞாயிறு சேர்த்து மூன்று நாள் விடுமுறை. "அதனால்தான் எல்லாரும் ஊருக்குப் போய்விட்டார்கள்" என்றார்கள்.

சரி. 2021-ல் ஓட்டுப்பதிவு நடந்தது செவ்வாய்க்கிழமை. முன்னும் பின்னும் வேலை நாள். அப்போதும் 60 சதவீதத்தைத் தாண்டவில்லையே!

ஊருக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அவர்களில் பலர் ஓட்டுப்போடவே ஊருக்குப் போகிறவர்கள். பிழைப்பு சென்னையில். ஓட்டு சொந்த ஊரில். தேர்தலுக்கு முதல் நாள் இரவு பஸ் நிலையத்தில் அலைமோதும் கூட்டமே இதற்குச் சாட்சி. அவர்களில் சிலருக்கு இங்கும் ஒரு பெயர், அங்கும் ஒரு பெயர். அங்கே ஓட்டுப்போட்டால் இங்கே "போடாதவர்" கணக்கில் சேர்ந்துவிடுகிறார்கள்.

இங்கேதான் விஷயமே இருக்கிறது.

பட்டியலில் ஓட்டை!

ஓட்டுப்பதிவு சதவீதம் என்பது என்ன? ஓட்டுப்போட்டவர்களை, பட்டியலில் உள்ள பெயர்களால் வகுத்து வரும் கணக்கு. பட்டியல் தப்பு என்றால் சதவீதமும் தப்பு.

ஒரு பேச்சுக்கு, ஒரு தெருவில் 100 பெயர். 59 பேர் ஓட்டுப்போட்டார்கள். 59 சதவீதம். ஆனால் அந்த 100-ல் 20 பேர் செத்துப் போனவர்கள், வீடு மாறியவர்கள் என்று வைத்துக்கொண்டால்? மிச்சம் 80 பேரில் 59 பேர் போட்டிருக்கிறார்கள். 74 சதவீதம்! "சோம்பேறித் தெரு" ஒரே நிமிஷத்தில் பொறுப்பான தெரு ஆகிவிடுகிறது.

இது வெறும் கற்பனை அல்ல. 2025 நவம்பரில் வாக்காளர் பட்டியல் சிறப்பு தீவிர திருத்தம் தொடங்கியது. டிசம்பர் 19-ந்தேதி வரைவுப் பட்டியல் வெளியானது. சென்னை மாவட்டத்தில் இருந்த 40.04 லட்சம் பெயர்களில் 14.25 லட்சம் பெயர்கள் அதில் இல்லை. மூன்றில் ஒரு பங்குக்கு மேல்!

இறந்தவர்கள், இடம் மாறியவர்கள், இரண்டு இடத்தில் பெயர் உள்ளவர்கள், முகவரியில் கண்டுபிடிக்க முடியாதவர்கள் என்று அதிகாரிகள் காரணம் சொன்னார்கள்.

இதில் இரண்டு கேள்விகள் எழுகின்றன.

இத்தனை பெயர்களும் வீண் பெயர்கள் என்றால், இத்தனை வருஷம் சென்னை மக்களை "சோம்பேறி" என்று திட்டியது எந்தக் கணக்கை வைத்து?

அவற்றில் உயிரோடு, இதே ஊரில் இருக்கிறவர்களின் பெயரும் போயிருந்தால், அந்த உரிமைக்கு யார் ஜவாப்தாரி?

பட்டியலில் பெயர் விடுபடுவது இந்த நாட்டுக்குப் புதிதல்ல. 1951-52 முதல் பொதுத்தேர்தலின்போது வடமாநிலங்களில் பல பெண்கள் தங்கள் பெயரைச் சொல்ல மறுத்தார்கள். "இன்னார் மனைவி", "இன்னார் மகள்" என்று மட்டும் சொன்னார்கள். தலைமைத் தேர்தல் கமிஷனராக இருந்த சுகுமார் சென் அதை ஏற்கவில்லை. சுமார் 28 லட்சம் பெண்களின் பெயர்கள் நீக்கப்பட்டன. அடுத்த தேர்தலுக்குள் அவர்கள் சொந்தப் பெயரைச் சொல்லிப் பதிவு செய்யப் பழகினார்கள். அந்த ஒரு தேர்தலில் அவர்கள் ஓட்டு போனது போனதுதான்.

வீடு மாறினால் ஓட்டு மாறுமா?

சென்னையில் பாதிப் பிழைப்பு வாடகை வீட்டில். 11 மாத ஒப்பந்தம். வாடகை ஏறினால் தட்டுமுட்டுச் சாமானை வண்டியில் ஏற்றிக்கொண்டு அடுத்த பேட்டைக்குப் போகவேண்டியதுதான். கேஸ் இணைப்பை மாற்றுவார்கள். பள்ளிக்கூடத்தை மாற்றுவார்கள். ஓட்டு மட்டும் பழைய தெருவிலேயே கிடக்கும்.

கூவம் கரையில் குடிசை போட்டு வாழ்ந்தவர்கள் நிலை இன்னும் கஷ்டம். அரசே அவர்களைக் கிளப்பிக் கொண்டுபோய் பெரும்பாக்கத்தில் குடிவைத்தது. நகரின் நடுவில் இருந்தவர்கள் 20 கிலோ மீட்டருக்கு அப்பால் போனார்கள். பழைய முகவரியில் ஓட்டு இருந்தால் அதைப் போட பஸ் ஏறி வரவேண்டும். வீட்டு வேலை செய்யும் ஒரு தாய்க்கு அன்று பஸ் செலவு யார் தருவார்கள்? அன்றைய கூலி யார் தருவார்கள்?

சட்டம் ஒன்று இருக்கிறது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 135-பி பிரிவு. ஓட்டுப்பதிவு அன்று சம்பளத்தோடு லீவு விடவேண்டும். தினக்கூலிக்கும் இது பொருந்தும். மீறும் முதலாளிக்கு என்ன தண்டனை தெரியுமா? ரூ.500 வரை அபராதம்! ஒரு நாள் கடையைத் திறந்தால் வரும் லாபத்தில் இது எந்த மூலைக்கு?

மாலையில் ஒரு கணக்கு, நள்ளிரவில் ஒரு கணக்கு!

2024 ஏப்ரல் 19-ந்தேதி இரவு 7 மணிக்கு தமிழ்நாட்டில் 72.09 சதவீதம் என்று அறிவித்தார்கள். நள்ளிரவில் அதுவே 69.46 ஆனது. கடைசியில் 69.72 என்று முடிந்தது. மத்திய சென்னைக்கு முதலில் சொன்னது 67 சதவீதத்துக்கு மேல். முடிவில் நின்றது 53.96. ஒரே நாளில் 13 சதவீதம் காணோம்!

"ஏதோ தில்லுமுல்லு" என்று ஊரெல்லாம் பேச்சு. முதலில் வருவது அங்கங்கே சில சாவடிகளிலிருந்து அவசரமாக வாங்கிய உத்தேசக் கணக்கு. உண்மைக் கணக்கு 17-சி என்ற படிவத்தில் இருக்கிறது. எத்தனை ஓட்டு விழுந்தது என்று ஒவ்வொரு சாவடியிலும் எழுதி, வேட்பாளர்களின் ஏஜெண்டுகளுக்கு நகல் கொடுக்கவேண்டும். அந்தத் தாளைக் கூட்டினால்தான் சரியான கணக்கு வரும்.

உத்தேசம் என்றால் உத்தேசம் என்று கொட்டை எழுத்தில் சொல்லிவிட்டுப் போகலாமே! அவசரக் கணக்கைச் சொல்லி சந்தேகத்தை வளர்ப்பானேன்? எண்ணிக்கையில் நம்பிக்கை போய்விட்டால் அடுத்த முறை ஓட்டுப்போட ஏன் வருவான் ஒருவன்?

யாரிடம் போய்ச் சொல்வது?

பட்டியல் ஒரு காரணம். தூரம் ஒரு காரணம். மூன்றாவது காரணம் மனசில் இருக்கிறது. "ஓட்டுப்போட்டு என்னத்த ஆகப்போகுது?"

இந்தக் கேள்வி சும்மா வரவில்லை.

சென்னை மாநகராட்சி 1688-ல் பிறந்தது. இந்தியாவிலேயே மூத்த மாநகராட்சி. ஆனால் 1973-ல் கலைக்கப்பட்ட மாமன்றத்துக்கு மறுபடி தேர்தல் நடந்தது எப்போது? 1996-ல்! 23 வருஷம் கவுன்சிலரே கிடையாது. 1973-ல் 21 வயதில் ஓட்டுரிமை பெற்ற வாலிபர், தன் வார்டு கவுன்சிலரைத் தேர்ந்தெடுக்க 44 வயது வரை காத்திருந்தார்.

2016 அக்டோபரில் மறுபடியும் அதே நிலை. மாமன்றத்தின் காலம் முடிந்தது. 2022 பிப்ரவரி வரை தேர்தல் இல்லை. 2019 கோடையில் குடிதண்ணீருக்கு சென்னை தவித்ததே, அப்போது வார்டுக்கு ஒரு கவுன்சிலர் இல்லை. 2020-ல் கொரோனா வந்தபோதும் இல்லை. குடத்தைத் தூக்கிக்கொண்டு நின்ற பெண்கள் யார் வீட்டு வாசலில் போய்க் கேட்பார்கள்?

ஒரு வீட்டில் சமையலறையைப் பல வருஷம் பூட்டிவைத்துவிட்டு, திடீரென்று திறந்து "ஏன் யாரும் சாப்பிட வரவில்லை?" என்று கேட்டால் எப்படி? 43.59 சதவீதத்துக்கு மக்களை மட்டும் குறை சொல்வதும் அப்படித்தான்.

ஆர்.கே.நகர் சொல்லும் பாடம்

சென்னைக்காரன் ஓட்டே போடமாட்டான் என்பதும் பொய். 2017 டிசம்பர் ஆர்.கே.நகர் இடைத்தேர்தலே போதும். 77.68 சதவீதம்! அதே சென்னை. அதே மக்கள். போட்டி சூடாக இருந்தது. வேட்பாளர்கள் சந்து சந்தாக வந்தார்கள். நாட்டின் கண் முழுவதும் தங்கள் தொகுதி மேல் இருப்பது மக்களுக்குத் தெரிந்தது. வரிசையில் நின்றார்கள்.

ஆனால் அதே ஆர்.கே.நகரில் அந்த வருஷம் ஏப்ரலில் நடக்கவேண்டிய தேர்தலை, பணப்பட்டுவாடா புகாரில் தேர்தல் கமிஷன் ரத்து செய்ததையும் மறப்பதற்கில்லை. கூட்டம் வந்தது என்பதற்காக எல்லாம் ஒழுங்கு என்று சொல்லிவிட முடியாது. கவருக்காக நிற்கும் வரிசை வேறு. கேள்வி கேட்க நிற்கும் வரிசை வேறு. சதவீதத்தில் இரண்டும் ஒன்றாகத்தான் தெரியும்!

என்ன செய்யலாம்?

அதிகாரிகள் செய்யவேண்டியது முதலில். மாநகராட்சித் தேர்தலைக் காலாகாலத்தில் நடத்தட்டும். அரசு ஒரு குடும்பத்தை இடம் மாற்றினால், வீட்டுச் சாவி கொடுக்கும் அன்றே புதிய முகவரியில் ஓட்டையும் மாற்றிக் கொடுக்கட்டும். சாவடி மாறினால் பழைய சாவடி வாசலில் ஒரு போர்டு வைக்கட்டும். வெயிலில் நிற்பவர்களுக்குப் பந்தல், தண்ணீர், வயதானவர்களுக்கு நாற்காலி. இவை கருணை அல்ல, கடமை!

கட்சிக்காரர்கள் தேர்தல் வந்தால் மட்டும் பூத் கமிட்டி போடாமல், பட்டியல் திருத்தும் நாளில் தெருத்தெருவாகப் போகட்டும்.

மக்கள் பங்கும் இருக்கிறது. வேட்புமனு தாக்கலின் கடைசி நாளோடு பட்டியல் மூடிவிடும். அதன்பிறகு கலெக்டரே நினைத்தாலும் பெயர் சேர்க்க முடியாது. "அடையாள அட்டைதான் கையில் இருக்கே!" என்று சாவடியில் சண்டை போட்டுப் பிரயோஜனம் இல்லை. அட்டை இருந்தால் போதாது. பட்டியலில் பெயர் இருக்கவேண்டும். புதிதாகச் சேர்க்க 6-ம் எண் படிவம். வீடு மாறியவர்களுக்கு 8-ம் எண் படிவம். 1950 என்ற எண்ணுக்குப் போன் போட்டும் கேட்கலாம். 18 வயது ஆனவர்கள் ஜனவரிக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. வருஷத்தில் நான்கு தேதிகளை வைத்துப் பெயர் சேர்க்கிறார்கள்.

ஓட்டை வேறு யாராவது போட்டுவிட்டால் பேசாமல் வீட்டுக்குத் திரும்பவும் வேண்டாம். 49-பி விதி இருக்கிறது. தான்தான் உண்மையான வாக்காளர் என்று சாவடித் தலைமை அதிகாரியிடம் நிரூபித்தால் தனி ஓட்டுச்சீட்டு தரவேண்டும். அதை உறையில் போட்டுப் பத்திரப்படுத்துவார்கள். வழக்கமாக அதை எண்ணுவதில்லை. ஆனாலும் திருட்டு நடந்ததற்கு அது சாட்சி.

விரலில் வைக்கும் மை சில வாரத்தில் அழிந்துவிடும். மை படாத விரலுக்கு ஐந்து வருஷம் பேச வழியில்லை.

சென்னையைச் சோம்பேறி என்று திட்டுகிறவர்கள் முதலில் பட்டியலைச் சரிசெய்யட்டும். திட்டு வாங்குகிறவர்கள் அந்தப் பட்டியலில் தங்கள் பெயர் இருக்கிறதா என்று இன்றைக்கே பார்க்கட்டும்!