நிவாரணம் வேறு... இழப்பீடு வேறு!

கேள்வி: ‘‘சாலை விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு அரசு நிவாரணம் கிடைத்துவிட்டால், அதன்பிறகு இழப்பீடு கேட்டு வழக்குப் போட முடியாதா? ஆந்திர எல்லைக்குள் விபத்து நடந்திருந்தால், வழக்குக்காக அங்கேதான் அலைய வேண்டுமா?’’
- வாசகர், திருத்தணி.

பதில்: 2025 மார்ச் 7 அன்று, திருத்தணியை அடுத்த கே.ஜி.கண்டிகை அருகே அரசுப் பேருந்தும் டிப்பர் லாரியும் மோதியதில் உயிர்கள் பறிபோயின. இறந்தவர்களின் குடும்பங்களுக்குத் தலா 3 லட்சம் ரூபாய் நிவாரணம் அறிவிக்கப்பட்டது. இது அரசு கருணையுடன் கொடுக்கும் உதவி. மோட்டார் வாகனச் சட்டப்படி கிடைக்கும் இழப்பீடு, குடும்பத்தின் உரிமை. நிவாரணம் வாங்கியதால் அந்த உரிமை போய்விடாது. ‘அதான் பணம் வந்துடுச்சே’ என்று சும்மா இருந்துவிடும் குடும்பங்கள், பல மடங்கு தொகையை இழந்துவிடக்கூடும்.

எப்படிக் கணக்கிடுவார்கள்?

42 வயது விவசாயி ஒருவர், மனைவி, 2 பிள்ளைகள், தாய் ஆகியோரை விட்டுவிட்டு இறந்துபோகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருடைய மாத வருமானம் 15,000 ரூபாய் என்று நிரூபணமானால், எதிர்கால உயர்வுக்காக 25 சதவிகிதம் சேர்ப்பார்கள். அவருடைய சொந்தச் செலவுக்காக நான்கில் ஒரு பங்கைக் கழிப்பார்கள். ஆண்டுக்கு 1,68,750 ரூபாய் வரும். அந்த வயதுக்கு உச்ச நீதிமன்றம் வகுத்திருக்கும் பெருக்கல் எண் 14. ஆக, 23,62,500 ரூபாய். இறுதிச்சடங்கு, துணையை இழந்தது போன்றவற்றுக்கான தொகைகள் தனி. இறந்தவர் மீதும் தவறு இருந்தால், அதற்கேற்பத் தொகை குறையும்.

‘நிலம்தான் இருக்கிறதே!’

விவசாயக் குடும்பங்கள் தடுமாறும் இடம் இதுதான். ‘ஆள்தான் இறந்தார், நிலம் அப்படியே இருக்கிறது. பிறகென்ன வருமான இழப்பு?’ என்று காப்பீட்டு நிறுவனத் தரப்பில் கேட்பார்கள். நிலம் வாரிசுகளிடம் இருந்தாலும், அதைப் பார்த்துக்கொள்ள ஆள் வைக்க வேண்டியிருக்கும் என்பதை உச்ச நீதிமன்றமே 2003-ம் ஆண்டு தீர்ப்பு ஒன்றில் சுட்டிக்காட்டியுள்ளது. எனவே, இறந்தவரின் உழைப்பும் மேற்பார்வையும் எவ்வளவு பெறும் என்பதைக் காட்ட வேண்டும்.

அதற்குப் பட்டா, அடங்கல் மட்டும் போதாது. பால் சங்கத்தில் பால் ஊற்றிய அட்டை, சர்க்கரை ஆலையின் கரும்புப் பதிவு, உழவர் சந்தை அடையாள அட்டை, கமிஷன் மண்டிச் சீட்டு, வங்கிப் பாஸ்புக் எல்லாமே சாட்சிகள்தான். அவர் இறந்த பிறகு உழவுக்கும் நடவுக்கும் ஆள் வைத்துக் கொடுத்த கூலிக் கணக்கையும் எழுதி வைக்க வேண்டும். வீட்டையும் மாட்டையும் பார்த்துக்கொண்ட பெண் இறந்தாலும், அவருடைய உழைப்புக்கு மதிப்புப் போட வேண்டும் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.

எங்கே வழக்குப் போடுவது?

நகரியிலோ, புத்தூரிலோ விபத்து நடந்திருந்தாலும், அங்கேதான் போக வேண்டும் என்பதில்லை. விபத்து நடந்த இடம், குடும்பத்தினர் வசிக்கும் இடம், எதிர்த்தரப்பினர் வசிக்கும் இடம் இவற்றில் எந்தப் பகுதிக்குரிய மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலும் மனு போடலாம். திருத்தணிக் குடும்பம், திருவள்ளூர் மாவட்டத்திலேயே வழக்கு நடத்தலாம். ஆனால், முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாகனத்தின் காப்பீட்டு விவரம் ஆகியவற்றை விபத்து நடந்த எல்லைக் காவல் நிலையத்தில்தான் வாங்க வேண்டும். அவை தெலுங்கில் இருந்தால் மொழிபெயர்ப்பும் தேவைப்படும்.

மோதிய வாகனம் நிற்காமல் போய், எதுவென்றே தெரியாவிட்டால்? 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள திட்டப்படி, இறந்தவரின் குடும்பத்துக்கு 2 லட்சம் ரூபாய் உண்டு. இதற்கு மட்டும், விபத்து நடந்த பகுதியின் கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியரிடம் விண்ணப்பிக்க வேண்டும்.

6 மாதம் முக்கியம்!

விபத்து நடந்த நாளிலிருந்து 6 மாதங்களுக்குள் மனு போட வேண்டும் என்கிறது திருத்தப்பட்ட சட்டம். கருமாதி முடியட்டும், அறுவடை முடியட்டும் என்று தள்ளிப்போடக் கூடாது. துக்க வீட்டுக்கே வந்து, வெற்றுத்தாளில் கையெழுத்துக் கேட்கும் இடைத்தரகர்களிடம் எதிலும் கையெழுத்துப் போடக் கூடாது.

வக்கீல் வைக்க வசதியில்லை என்றால், நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும் அங்கே சட்ட உதவி இலவசம். கணவரை இழந்த பெண், தன் பெயரில் மனு போட அந்த ஒரு கதவே போதும்.