ஸ்டேக் என்றால் நாகரிகம், மாட்டிறைச்சி என்றால் இழிவா?

நல்லூர்த் திருவிழா முடிந்து இரண்டு வாரமிருக்கும். கனடாவிலிருந்து விடுமுறையில் வந்திருந்த பழைய பள்ளித் தோழன், தன் வீட்டு முற்றத்தில் 'ஸ்டேக்' சுடப்போவதாகச் சொல்லி என்னையும் அழைத்தான். கொழும்பிலிருந்து ஐஸ் பெட்டியில் வந்த அவுஸ்திரேலிய இறைச்சி. அதில் பூசுவதற்கு அங்கிருந்தே கொண்டுவந்த போத்தல் மசாலா. வெறுங்கையோடு போகக் கூடாதென்று நானும் எங்கள் சோனகத் தெருப் பக்கத்துக் கடையில் இரண்டு கிலோ முதுகிறைச்சி வெட்டுவித்துக்கொண்டு போனேன். படலையடியில் அவன் குரலைத் தாழ்த்தினான்:

"மச்சான், அதைக் கொஞ்சம் பின்பக்கத்தால கொண்டு வா. அயலட்டைச் சனம் பார்த்தா ஒரு மாதிரி."

முற்றத்தில் அவனுடைய ஸ்டேக் புகைந்துகொண்டிருந்தது. அந்தப் புகை மதிலைத் தாண்டி அயலட்டைக்கெல்லாம் போய்க்கொண்டிருந்தது. அதில் அவனுக்கு வெட்கமில்லை. என் கையிலிருந்த பைதான் வெட்கம்.

இரண்டும் மாடுதானே? பிறகு எது வித்தியாசம்? ஒன்றை அறுத்த கை கண்ணுக்குத் தெரியாத தூரத்தில் இருக்கிறது. மற்றையதை அறுத்த கை சோனகத் தெருவில் இருக்கிறது. இங்கே வெறுக்கப்படுவது இறைச்சியல்ல, அறுப்பவன்.

இது ஒரு தோழனின் பலவீனம் மட்டுமல்ல, அரசின் கொள்கையாகவும் வந்தது. 2020 செப்டெம்பரில் இலங்கை அமைச்சரவை மாடறுப்பைத் தடைசெய்யும் யோசனைக்கு ஒப்புதல் அளித்தது. அதே யோசனையில், இறைச்சி உண்போருக்காக வெளிநாட்டிலிருந்து மாட்டிறைச்சி இறக்குமதி செய்து சலுகை விலையில் வழங்குவதும் இருந்தது. ஜீவகாருண்யம் கடல் தாண்டாது போலும்! அவுஸ்திரேலிய மாட்டுக்கு உயிரில்லையா? உயிருண்டு. ஆனால் அதை அறுப்பவன் எங்கள் ஊர்ச் சோனகன் அல்ல.

தன் விரதத்துக்காக, தன் தெய்வத்துக்காகப் புலாலை விலக்கியவரோடு எனக்குச் சண்டையில்லை. அவர் முன்னால் என் கோப்பையை மூடிவைக்கவும் தயார். என் சண்டை, இரவில் வாங்கிப் பகலில் மறைப்பவரோடு. 2018இல் சாவகச்சேரியில் மாடறுப்புக்கு எதிராகப் போராட்டம் நடந்தபோது, இறைச்சிக் கடைக்கு வரும் வாடிக்கையாளரில் ஒரு சமயத்தவர் மட்டுமா இருந்தார்கள்? வாங்கியவர்களில் எத்தனை பேர் வாய் திறந்தார்கள்? மாட்டைக் காக்கத்தான் வேண்டுமென்றால் சட்டம் ஏற்கெனவே உண்டு. 1958ஆம் ஆண்டின் விலங்குகள் சட்டம் பசுக்கன்றையும் ஈனக்கூடிய, பால் தரக்கூடிய பசுவையும் அறுப்பதைத் தடுக்கிறது. 1893ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டத்தின்படி அனுமதிப்பத்திரமின்றி எவரும் இறைச்சி விற்க முடியாது. கள்ள மாடு அறுப்பவனைப் பிடியுங்கள். நானும் கூட வருகிறேன். பத்திரம் எடுத்து, வரி கட்டி, வெளிச்சத்தில் தொழில் செய்பவனை ஏன் குற்றவாளியாக்குகிறீர்கள்?

அந்த மனிதன் யார் என்பதையும் மறக்க வேண்டாம். 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி ஜின்னா மைதானத்துக்கு அழைக்கப்பட்டு, இரண்டு மணி நேரத்தில் ஊரைவிட்டு வெளியேறும்படி விடுதலைப் புலிகளால் கட்டளையிடப்பட்டவர்களில் அவனும் ஒருவன். புத்தளத்து முகாம்களில் கிடுகுக் கொட்டிலில் வாழ்ந்து, திரும்பி வந்து, இடிந்த சுவரில் தகரம் போட்டுக் கடை திறந்தவன். மீள்குடியேற்றம் என்று மேடையில் பேசுகிறோம். தன் தொழிலைத் தலைநிமிர்ந்து செய்ய முடியாதவனுக்கு அது என்ன மீள்குடியேற்றம்?

இனி எம்மவரிடம் ஒரு கேள்வி. வெளியேற்றத்தைப் பற்றி நாம் எழுதிய கவிதைகளிலும் கதைகளிலும் பள்ளிவாசல் மினாராவும், பூட்டிய வீட்டின் திறப்பும், உம்மம்மாவின் கண்ணீரும் வருகின்றன. இறைச்சிக் கடைக்காரன் எத்தனை தடவை வருகிறான்? உழ்ஹிய்யாவுக்கு அவன் கத்தி வேண்டும். சம்பந்தம் பேசும்போது அவன் வீடு வேண்டாம். அயலவரின் தீண்டாமையைக் கண்டிக்கும் நாம், எமக்குள் இருப்பதை என்ன பெயரால் அழைக்கிறோம்?

அன்றிரவு இன்னொன்றும் நடந்தது. தோழனின் போத்தல் மசாலா முடிந்துபோக, வீட்டிலிருந்த யாழ்ப்பாணத்துத் தூளை அள்ளி இறைச்சியில் பூசித் தணலில் வைத்தான். கரிந்து கசந்தது. எங்கள் தூளில் மிளகாயும் மல்லியும் சீரகமும் ஏற்கெனவே வறுபட்டவை. குழம்பில் கொதிக்கும், நேரடி நெருப்பைத் தாங்காது. நான் என் பையை அவிழ்த்தேன். இங்கத்தைய மாடு வயலிலும் வண்டியிலும் உழைத்த மாடு, தசை இறுகியிருக்கும். ஆகவே நார்போக்குக்குக் குறுக்கே மெல்லிய துண்டுகளாக வெட்டி, அரைத்த பப்பாசிக்காயில் அரைமணி நேரம் பிரட்டி, உப்பும் வறுக்காத மிளகும் இடித்த பெருஞ்சீரகமும் பூசினேன். சிரட்டைக் கரி சுவாலை அடங்கிச் சாம்பல் பூக்கும்வரை பொறுத்து, பிறகே இறைச்சியை வைத்தேன். இறக்கிய பிறகு தேசிக்காய்ப் புளியோடு தூளை ஒரு சிட்டிகை தூவினேன். சிவப்பாகக் கசிந்ததைக் கண்டு "ஹராமில்லையா?" என்றான். அது இறைச்சிக்குள் இருக்கும் நிறமும் நீரும். விலக்கப்பட்டது அறுக்கும்போது ஓடும் இரத்தம் என்று விளக்கினேன். தட்டு காலியானது.

இந்தக் கைப்பக்குவத்தை எனக்குச் சொல்லித் தந்தவர் எந்தப் பெரிய ஹோட்டல் சமையற்காரருமல்ல. எந்தத் துண்டு சுடுவதற்கு, எது கறிக்கு, எது சூப்புக்கு என்று கத்தி நுனியால் காட்டித் தந்த எங்கள் கடைக்காரர்தான். அந்தக் கல்விக்கு நான் கொடுத்த மரியாதை, அவர் வெட்டித் தந்ததைப் பின்பக்கத்தால் கொண்டுபோனது.

ஆம், அன்று நான் பின்பக்கத்தால்தான் போனேன். தோழனைக் குற்றம் சொல்லும் இக்கட்டுரை முதலில் என்னையே குற்றம் சொல்கிறது. அடுத்த விடுமுறைக்கு அவன் மறுபடி வருவான். அடுப்பு மூட்டுவான். நான் மறுபடியும் சோனகத் தெருவில் இறைச்சி வாங்குவேன். படலையைத் திறந்து முற்றத்தால்தான் போவேன். ஒரு மாதிரிப் பார்ப்பவர் பார்க்கட்டும். பசித்தவருக்கும் ஒரு துண்டு உண்டு.