வசனம் எழுதியவர்

கோவில்பட்டிச் சீமையில் பள்ளிக்கூட ஆண்டு விழா ஒன்றுக்குச் சென்ற நேயர்கள் இந்தக் காட்சியைக் காணாமல் திரும்பியிருக்க முடியாது. மைமீசையும் அட்டைக் கத்தியுமாக ஒரு சிறுவன் மேடையேறி, ஜாக்ஸன் துரைக்கு வரி கட்ட மறுத்து முழங்குவான். சபையில் பாதிப்பேர் கூடவே முணுமுணுப்பார்கள். அந்த வசனம் யாருடையது என்று கேட்டால், "சிவாஜி கணேசனுடையது" என்பார்கள். சரித்திரப் பற்று மிகுந்தவர்கள் "கட்டபொம்மனுடையது" என்பார்கள். எழுதியவர் பெயரைச் சொல்பவர் கரிசலில் ஆடி மாத மழையைப் போல அபூர்வம்.

அவர் சக்தி டி. கே. கிருஷ்ணசாமி. சக்தி நாடக சபாவை நடத்தியவர். சபையின் பெயரே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. கணேசன் சினிமாவுக்குப் போகுமுன் அந்தச் சபையில் நடித்தவர். பின்னொரு நாள் இருவரும் கயத்தாற்றுப் பக்கம் பிரயாணம் செய்தபோது எழுந்த பேச்சிலிருந்து பிறந்ததே கட்டபொம்மன் நாடகம். 1957-ல் சேலத்தில் அரங்கேறியது, 1959-ல் பி. ஆர். பந்துலு படமாக்கினார். மறு ஆண்டு கெய்ரோ படவிழாவில் கணேசனின் நடிப்புக்கும் ஜி. ராமநாதனின் இசைக்கும் பரிசு கிடைத்தது. வசனத்தை வேற்று மொழியார் எப்படி எடை போடுவது?

கலெக்டர் ஜாக்ஸன் பாளையக்காரரை ஊர் ஊராக அலைய விட்டு, 1798 செப்டம்பரில் இராமநாதபுரத்தில் ஆசனமும் தராமல் நிறுத்தி வைத்து விசாரித்தார் என்பது சரித்திரம். நின்றவரைப் பேச வைத்தது கிருஷ்ணசாமியின் பேனா.

அதில் நமக்கு ஒரு சின்ன ஆட்சேபம் உண்டு. நாற்று நடவும் கழனியும் அந்தப் பேச்சில் வருகின்றன. குளத்தடி நிலம் நீங்கலாக, பாஞ்சாலங்குறிச்சி வட்டாரம் வானம் பார்த்த பூமி. பருத்தியும் கம்பும் விதைப்பதுதான்; நடுவது ஏது? இதை ஒரு சம்சாரியிடம் சொன்னோம். "துரை கேட்டது வரிதானே ஐயா! நம்ம காட்டுல எது விளைஞ்சா அவனுக்கென்ன?" என்று நம் வாயை அடைத்துவிட்டார்.

பெரிய ஆட்சேபம் எட்டயபுரத்தைப் பற்றியது. அந்தப் பாளையம் கம்பெனியின் பக்கம் நின்றது மெய்தான். ஆனால் இரு பாளையங்களுக்குமிடையே எல்லைத் தகராறும் இருந்ததே! படம் அந்தச் சிக்கலைத் துரோகம் என்ற ஒரே சொல்லில் கட்டி வீடுதோறும் அனுப்பிவிட்டது. எட்டயபுரத்துக்காரர் ஒருவர் வெளியூரில் தம் ஊர்ப் பெயரைச் சொன்ன கையோடு, "பாரதி பிறந்த ஊர்" என்று அவசரமாகச் சேர்த்துக்கொள்வதை நாமே கேட்டிருக்கிறோம். பேனாவின் பலம் இப்படியும் தெரியவருகிறது.

பிறகு அவர் 'கர்ணன்' (1964), 'எங்க வீட்டுப் பிள்ளை' (1965) முதலிய படங்களுக்கும் எழுதினார். அவையும் நடிகர்களின் கணக்கிலேயே வரவு வைக்கப்பட்டன.

1799 அக்டோபர் 16 அன்று மேஜர் பானர்மன் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட கயத்தாற்றில், கணேசன் தம் சொந்தச் செலவில் எழுப்பிய சிலை நிற்கிறது. அவ்வழியே பஸ் நிற்கும்போது பிள்ளைகள் ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டி அந்த வசனத்தைத் தொடங்குவதைக் கண்டிருக்கிறோம். பாதி ஆவதற்குள் கண்டக்டர் விசில் ஊதிவிடுகிறார்.