சுலோச்சனாவை வீழ்த்தியது மைக் இல்லை

பழைய சினிமாவைப் பற்றிப் பேச்சு வந்தால் ஒரு கதை தவறாமல் வரும். ஊமைப்படங்களின் ராணி சுலோச்சனா. நிஜப் பெயர் ரூபி மையர்ஸ். பம்பாய் கவர்னரைவிட அதிகச் சம்பளம் வாங்கியவர். 1931-ல் படம் பேச ஆரம்பித்தது, அம்மணிக்கு இந்தி வராது, அதோடு சரி. ஏற்றமும் இறக்கமும் நாலு வரியில் அடங்கிவிடுவதால் கதை எல்லோருக்கும் பிடித்துப்போயிற்று. அவர் நடித்த படங்களின் வரிசைதான் அதற்கு ஒத்துவரவில்லை.

இந்துஸ்தானியில் அவர் தடுமாறியது உண்மைதான். 1907-ல் பூனாவில், பாக்தாதி யூதக் குடும்பத்தில் பிறந்தவர். டெலிபோன் ஆபரேட்டராக இருந்தவரை இயக்குநர் மோகன் பவ்நானி சினிமாவுக்கு அழைத்து வந்தார். ஊமைப்படத்தில் வசனம் எழுத்து அட்டையில் வரும். நடிகையின் உச்சரிப்பு யாருக்கு வேண்டும்? இந்தியாவின் முதல் பேசும்படமான ‘ஆலம் ஆரா’வை எடுத்தது அவர் நடித்துவந்த கம்பெனியான இம்பீரியல்தான். நாயகியோ ஜுபேதா.

கதை சொல்கிறவர்கள் இந்த இடத்தில் இடைவேளை என்று நினைக்காமல் எழுந்து வீட்டுக்குப் போய்விடுகிறார்கள்.

சுலோச்சனா உட்கார்ந்து மொழியைக் கற்றார். 1928-ல் ஊமையாக ஓடிய ‘மாதுரி’ 1932-ல் பேசும்படமாக வந்தது, அதே சுலோச்சனாவோடு. 1929-ன் ‘இந்திரா பி.ஏ.’வுக்குப் பிறகு 1934-ல் ‘இந்திரா எம்.ஏ.’, பேசத் தெரிந்ததும் பட்டம் கூடிவிட்டது! 1928-ன் ‘அனார்கலி’ 1935-ல் மறுபடியும் வந்தது, இரண்டுக்கும் இயக்குநர் ஆர்.எஸ்.சௌத்ரி. குரல் எடுபடாத நடிகையை நம்பி, ஓடிய படங்களையே குரல் சேர்த்துத் திரும்ப எடுக்க எந்த முதலாளி பணம் போடுவார்?

அடுத்தது அந்தக் கவர்னர். சுலோச்சனாவின் மாதச் சம்பளம் 5,000 ரூபாய் என்பார்கள். அதை அப்படியே ஏற்றுக்கொண்டாலும் வருஷத்துக்கு 60,000. 1919-ம் ஆண்டு இந்திய அரசுச் சட்டம் பம்பாய் கவர்னருக்கு விதித்த ஆண்டுச் சம்பள உச்சவரம்பு 1,28,000 ரூபாய். 1935-ம் ஆண்டுச் சட்டம் அதை 1,20,000 ஆக்கியது. பாதியைத் தொடவே திணறும் கணக்கு இது. அந்தக் காலத்தில் ஒரு பெண் மாதம் ஐயாயிரம் வாங்கினார் என்பதே மலைக்க வைக்கிற செய்தி. கவர்னரை எதற்கு வம்புக்கு இழுக்க வேண்டும்?

‘வெறும் அழகு முகம்’ என்ற பேச்சும் உண்டு. ‘வைல்டுகேட் ஆஃப் பாம்பே’ (1927) படத்தில் அவருக்கு எட்டு வேடங்கள். தோட்டக்காரர், போலீஸ்காரர், ஐதராபாத் கனவான், தெருப்பொறுக்கிப் பையன், வாழைப்பழம் விற்பவர், பொன்னிறக் கூந்தல் ஐரோப்பியப் பெண் எல்லாம் அவரே. முகத்தை மட்டும் நம்பியவர் அந்த முகத்துக்கு மீசை ஒட்டச் சம்மதிப்பாரா?

அப்படியானால் மார்க்கெட் எப்போது சரிந்தது? முப்பதுகளின் கடைசியில். படத்துக்குப் படம் நடிகர் டி.பில்லிமோரியாவோடு ஜோடி சேர்ந்தவர் அவர். ஜோடி பிரிந்தது, இம்பீரியலும் மூடப்பட்டது, வயது முப்பதைத் தாண்டியது, புது முகங்கள் வந்தன. குரல் எவ்வளவு நன்றாக இருந்தாலும் நடிகைகளுக்கு நேர்கிற சரிவுதான் இது. 1931-க்கும் இதற்கும் நடுவே ஏழெட்டு வருஷம் இருக்கிறது.

கடைசிக் காலத்தில் தனிமையில் வாழ்ந்தார் என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் ‘சினிமா அவரை அடியோடு மறந்தது’ என்பது அதிகம். 1973-ம் ஆண்டின் தாதாசாகேப் பால்கே விருது அவருக்குத்தான் போனது. 1975-ல் ‘ஜூலி’யில் சின்ன வேடத்தில் வருகிறார்.

அதற்கும் முன்னால், 1953-ல் ‘அனார்கலி’ இன்னொரு முறை வந்தது. பீனா ராய்தான் அனார்கலி. இளவரசன் சலீமின் தாயாக, அரண்மனை ராணியாக வந்தவர் சுலோச்சனா. அந்த ராணிக்கு வசனமும் இருந்தது, இந்துஸ்தானியில்.