தாராவியின் சந்துக்கு வாடகை யார் தருவது?

1987இல் வெளியான 'நாயகன்' படத்துக்காகத் கலை இயக்குநர் தோட்டா தரணி மும்பையின் தாராவிக் குடிசைப்பகுதியைச் சென்னை ஸ்டூடியோவிலேயே எழுப்பினார். முப்பதாண்டுகள் கழித்து, 2017 மே மாத இறுதியில் 'காலா' படப்பிடிப்பு மும்பையில் தொடங்கியது. அதற்கும் சென்னையில் ஒரு தாராவி செட் தேவைப்பட்டது. அதில் நடித்த ரஜினிகாந்த் நடந்து வந்தால் தாராவியின் சந்துகள் தாங்குமா?

நிஜத் தாராவி இரண்டரை சதுர கிலோமீட்டருக்கும் குறைவு. அதற்குள் பல லட்சம் பேர் வாழ்கிறார்கள். குயவர் பகுதியான கும்பர்வாடாவின் மண்பாண்டம், தோல் பை, தையல் என எல்லாத் தொழிலும் வாசலிலேயே நடக்கிறது. இங்கே படப்பிடிப்புக்காக ஒரு சந்தினை அரை நாள் மறித்தால் சரக்கு வண்டி நிற்கும். உருப்படிக்கு இவ்வளவு என்று கூலி வாங்குபவரின் அன்றைய வருமானம் போகும்.

அடக்கமாகவும் படமெடுக்கலாம். 'ஸ்லம்டாக் மில்லியனர்' குழு குறுகிய சந்துகளில் சிறிய டிஜிட்டல் கேமராக்களோடு புகுந்தது. 2009இல் அந்தப் படம் எட்டு ஆஸ்கர்களை வென்றது, ஒளிப்பதிவுக்கும் ஒன்று. ஆனால் அதே ஆண்டு மே மாதம், அதில் நடித்த சிறுவன் ஒருவனின் பாந்த்ரா குடிசை இடிக்கப்பட்டது.

படப்பிடிப்புக்கான அனுமதிக் கட்டணம் அரசு அலுவலகங்களுக்குப் போகிறது. கதவைச் சாத்திக்கொண்டு காத்திருப்பவருக்கு அதில் என்ன பங்கு?

படப்பிடிப்பு நேரத்தை முன்கூட்டியே தெருவில் எழுதி ஒட்ட வேண்டும். வேலையிழப்பவருக்கு அன்றைய கூலியைத் தயாரிப்பாளர் அன்றே கொடுக்க வேண்டும். இவ்விரண்டையும் அனுமதிக்கான நிபந்தனையாக மகாராஷ்டிர அரசு சேர்க்கட்டும்.