தனிவழியில் நிற்பவன் தனியன் அல்லன்

என் சகோதரியின் மகனுக்கு வயது பத்தொன்பது. உயர்தரப் பரீட்சையை எழுதிவிட்டுப் பெறுபேற்றுக்காகக் காத்திருக்கிறான். சென்ற மாதம் அவர்களது வீட்டில் தங்கியிருந்தபோது, நள்ளிரவு தாண்டிய வேளையில் அவனது அறையிலிருந்து மேசையை ஓங்கி அறையும் ஓசை கேட்டது. எழுந்து போய்ப் பார்த்தேன். கணினித் திரையில் 'தோல்வி' என்ற அறிவிப்பு.

“மாமா, என்ர லேனில வந்தவனை மூன்று தரம் கொன்டுபோட்டன். மற்ற நாலு பேரும் குப்பை. இவங்களோட விளையாடி ஒருநாளும் மேல போகேலாது” என்றான்.

மறுநாட் காலை அவனது தந்தை என்னிடம் முறையிட்டார். “இதெல்லாம் ஒரு விளையாட்டோ? கண்ணும் கெட்டு, நேரமும் கெட்டு, கடைசியில மூளையும் கெட்டுப் போகும்.”

இவ்விருவருடைய கூற்றுகளும் பிழையானவை என்பதே என் கட்சி. தந்தையாருக்கு அவ்விளையாட்டு என்னவென்று தெரியாது. மகனுக்கு, தான் ஏற்றுக்கொண்ட பாத்திரம் என்னவென்று தெரியாது. இரண்டாவது அறியாமையே பெரிது. ஆகவே அதற்கு எதிராகவே இங்கு கூடுதலாக எழுதுகிறேன்.

முதலில் விடயத்தைச் சொல்லிவிடுகிறேன். விளையாட்டின் பெயர் லீக் ஒஃப் லெஜென்ட்ஸ். ரயட் கேம்ஸ் நிறுவனம் 2009 ஒக்டோபரில் வெளியிட்டது. ஐவர் கொண்ட இரு அணிகள் மோதுகின்றன. களத்தில் மேல், நடு, கீழ் என மூன்று வழிகள். அவற்றுக்கிடையே காடு. எதிரியின் தளத்துக்குள் இருக்கும் மையக் கட்டடத்தை முதலில் தகர்க்கும் அணி வெல்லும். ஐவருள் ஒருவர் காட்டுக்குள் திரிவார். இருவர் கீழ்வழிக்குச் செல்வர். நடுவழிக்கு ஒருவர், மேல்வழிக்கு ஒருவர். இந்த மேல்வழிக்காரரே, வீரர் மொழியில் 'டொப் லேனர்', என் மருமகன் விரும்பி ஏற்ற பாத்திரம்.

இந்த ஒழுங்கு விளையாட்டின் சட்டப் புத்தகத்திலிருந்து பிறந்ததன்று. விளையாடியவர்களின் புத்தியிலிருந்து பிறந்தது. 2011 ஜூன் மாதம் சுவீடனின் யொன்ஷொப்பிங் நகரில் முதலாவது உலகக் கிண்ணப் போட்டி நடைபெற்றது. ஐரோப்பிய அணியான ஃப்னாற்றிக் வென்றது. ஐரோப்பியர் பின்பற்றிய இந்தப் பங்கீடே பின்னர் உலகெங்கும் நிலைபெற்றது. அதன் தர்க்கம் எளிது. ஒருவரைக் காட்டுக்குள் அனுப்பினால் நால்வர் மூன்று வழிகளைக் காக்கவேண்டும். அணி முழுவதற்கும் பயன்தரும் டிராகன் ஆற்றின் கீழ்ப்புறத்தில் இருக்கிறது. ஆகவே இருவர் கீழ்ப்புறம் நிற்பது நன்று. நடுவழி குறுகியது, மெலிந்த மந்திரவாதியும் அங்கே தப்பிப் பிழைக்கலாம். மேல்வழியோ நீண்டது. சொந்தக் கோபுரம் தொலைவில். துணை அதனினும் தொலைவில். எனவே தன்னந்தனியே அடிதாங்கக்கூடிய ஒருவரை அங்கே நிறுத்தினார்கள்.

கவனியுங்கள். அவரை அங்கே நிறுத்தியது, மற்ற நால்வரும் தத்தம் வேலையைச் செய்வதற்காக. தனிவழி என்ற ஏற்பாடே கூட்டத்தின் தேவையிலிருந்து வந்தது. இதை மறந்துவிட்டவர்களிடமே எனக்கு வழக்கு இருக்கிறது.

தந்தையார்களுக்கு ஒரு சொல். மூன்று வாரங்களாக மாலைதோறும் மருமகனின் அருகே கதிரையைப் போட்டு அமர்ந்து பார்த்தேன். கண்ணை மூடிக்கொண்டு பொத்தான்களை அமுக்கும் வேலை அன்று அது. வழிதோறும் மினியன் எனப்படும் சிறு படைவீரர்கள் அலையலையாக வருவார்கள். ஒரு மினியனைக் கொல்லும் இறுதி அடி எவருடையதோ அவருக்கே பொன். ஓர் அடி முந்தினாலோ பிந்தினாலோ பொன் கைதவறிப் போகும். இது அரிச்சுவடி மட்டுமே.

அலையை நடத்துவதே உண்மையான வித்தை. எதிரியின் மினியன்கள் மூன்று நான்கு கூடுதலாக இருக்கும்படி விட்டுவைத்து, சொந்தக் கோபுரத்தின் எல்லைக்குச் சற்று வெளியே அலையைத் தேக்கி நிறுத்துவார்கள். இதற்கு 'ஃப்ரீஸ்' என்று பெயர். பொன் வேண்டுமாயின் எதிரி நீண்ட வெளியைக் கடந்து வரவேண்டும். காட்டிலிருக்கும் நம்மவர் பின்புறமாக வந்து அவரை மடக்கலாம். மாறாக, எதிரியின் மினியன்களை மெல்ல மெல்லக் கொன்று சொந்த அலையைப் பெருக்கி, ஒரே வீச்சில் எதிரியின் கோபுரத்தில் மோதவிடவும் கூடும். அப்போது எதிரி அந்தப் பொன்னைப் பொறுக்குவதற்காகக் கோபுரத்தடியிலேயே கட்டுண்டு கிடப்பார். அந்த அரை நிமிடம் நமக்குக் கிடைத்த சுதந்திரம். தளத்துக்குத் திரும்பி ஆயுதம் வாங்கலாம். ஆற்றங்கரையில் நடக்கும் சண்டைக்கும் ஓடலாம்.

இதற்குமேல், 160இற்கும் அதிகமான பாத்திரங்கள் உள்ளன. எது எதற்கு எதிராக எந்தக் கட்டத்தில் வலியது, எப்போது பின்வாங்கவேண்டும், எதிரியின் காட்டுக்காரர் கடைசியாக எங்கே தென்பட்டார், இப்போது எங்கே இருக்கக்கூடும் என்பன எல்லாவற்றையும் மனத்திலே கணக்கிட்டபடி கை இயங்கவேண்டும். சதுரங்கத்தைப் புத்திக்கு உரமென்று போற்றுகிற நாம் இதை மட்டும் மூளையைக் கெடுப்பதென்று ஏசுவது என்ன நியாயம்? நேரக் கட்டுப்பாடு வேண்டும் என்றால் ஒத்துக்கொள்கிறேன். அது நூல் வாசிப்பவனுக்கும் வேண்டியதே. ஆனால், தெரியாத ஒன்றை இகழ்வது வளர்ப்பு ஆகாது. அது பிள்ளை நம்மிடம் பேசக்கூடிய ஒரு விடயத்தை இல்லாமற் செய்துவிடும். அவ்வளவே.

இனி, மகன்மாரிடம் வருகிறேன்.

இணையத்தில் ஒரு கூட்டம் இந்தப் பிள்ளைகளுக்கு ஒரு மயக்கத்தை விற்றுக்கொண்டிருக்கிறது. 'ஒன்பது பேரையும் ஒருவனாக வெல்' என்பது அதன் கோஷம். எதிரிகள் ஐவர், சொந்த அணியினர் நால்வர், எல்லாரும் உனக்குத் தடை என்பது பொருள். ஒரு வீரரின் நூறு ஆட்டங்களிலிருந்து அற்புதமான சில நிமிடங்களை மட்டும் வெட்டி ஒட்டிக் காட்டுகிறார்கள். பிள்ளைகள் அதையே முழு உண்மை என்று நம்புகிறார்கள். தோற்றால் குற்றம் மற்ற நால்வருடையது. வென்றால் புகழ் தன்னுடையது. இந்தக் கணக்கை எந்தச் சந்தையில் ஒத்துக்கொள்வார்கள்?

கணக்கையே எடுத்துக்கொள்வோம். முன்பின் அறியாத பத்துப் பேரைக் கணினி சேர்த்து ஆட்டம் அமைக்கிறது. நீ பிழையே விடாதவன் என்று வைத்துக்கொள்வோம். எஞ்சிய ஒன்பது பேருள் ஆட்டத்தைக் கெடுக்கும் ஒருவன் இருந்தால், அவன் உன் அணியில் விழுவதற்கான வாய்ப்பு 9இல் 4. எதிரணியில் விழுவதற்கான வாய்ப்பு 9இல் 5. ஓர் ஆட்டத்தில் உனக்கு அநியாயம் நடக்கலாம், பத்தாட்டத்திலும் நடக்கலாம். முந்நூறு ஆட்டங்களின் பின்பும் நீ அதே படியில் நிற்கிறாய் என்றால், அந்த முந்நூறு ஆட்டங்களுக்கும் பொதுவான ஆள் ஒருவன்தான். அவன் யாரென்று நான் சொல்லவேண்டியதில்லை.

“அப்படியானால் உலகக் கிண்ணத்தில் மேல்வழி வீரர்களுக்கு விருது கொடுக்கிறார்களே” என்று மருமகன் மடக்கினான். உண்மைதான். 2015 இறுதிப்போட்டியின் சிறந்த வீரர் எஸ்கேரி அணியின் மேல்வழி வீரர் மரின். 2022இல் டிஆர்எக்ஸ் அணியின் கிங்கென். 2023இல் ரி1 அணியின் சியூஸ். மூவரும் மேல்வழியினர். ஆனால், கதை அங்கே முடியவில்லை. சியூஸ் 2024இலும் அதே அணியுடன் கிண்ணத்தை வென்றபின் அணியை விட்டு விலகினார். அவரது இடத்துக்கு டொரான் வந்தார். அதுவரையில் உலகக் கிண்ணத்தைத் தொட்டறியாதவர். இரசிகர்களின் கேலிக்கு ஆளானவர். 2025இல் செங்டு நகரில் அதே ரி1 அணி தொடர்ச்சியாக மூன்றாவது முறையும் கிண்ணத்தை வென்றது. மேல்வழியில் ஆள் மாறினார், அணி விழவில்லை. வந்தவர் தன் வேலை எதுவென்று அறிந்து செய்தார். நால்வரும் அவருக்கு இடங்கொடுத்தார்கள்.

ஃபேக்கரைப் பற்றியும் சொல்லவேண்டும். நடுவழியில் தனித்து நிற்கும் அவரை இவ்விளையாட்டின் முடிசூடா மன்னர் என்பார்கள். 2013 முதல் 2025 வரையில் ஆறு உலகக் கிண்ணங்கள் அவருடையவை. 2023இல் ஹங்ஷோவில் நடந்த ஆசிய விளையாட்டு விழாவில் தென் கொரியா தங்கம் வென்றது. அரையிறுதியிலும் இறுதியிலும் ஃபேக்கர் சுகவீனம் காரணமாக விளையாடவில்லை. அவரது இடத்தில் சோவி விளையாடினார். பதக்கம் பெறுகையில் மன்னரும் வரிசையில் ஒருவராகவே நின்றார். அவரைப் பார்த்து வளர்ந்தோம் என்கிற பிள்ளைகள் இந்தக் காட்சியையும் பார்க்கவேண்டும்.

மேல்வழிக்காரரின் குறைகளில் நியாயம் இல்லை என்று நான் சொல்லவில்லை. முதலில் தன் பாத்திரத்தைத் தெரிவுசெய்ய நேர்ந்தால், எதிரி அதற்குப் பொருத்தமான எமனைத் தேடி எடுத்துவருவார். ஒருமுறை இறந்தால் இரண்டு அலைகளின் பொன் போய்விடும்; பிறகு மீள்வது கடினம். சண்டை பெரும்பாலும் கீழ்ப்புறத்தில் நடக்க, மேலே அவர் மறக்கப்பட்டுக் கிடப்பார். இவை மெய்யான துயரங்கள். ஆயினும், மறக்கப்பட்ட இடத்தில் நிற்பவனுக்கே மற்றவர்களை மறவாதிருக்கும் கடமை அதிகம்.

அந்த நள்ளிரவுத் தோல்வியின் பதிவை மறுநாள் இருவரும் சேர்ந்து மீண்டும் பார்த்தோம். எதிரியை அவன் மூன்று முறை கொன்றது மெய். பதினெட்டாவது நிமிடத்தில் கீழே டிராகனுக்காக நால்வர் ஐவரை எதிர்கொண்டு நின்றார்கள். மூன்று முறை அழைப்புச் சமிக்ஞை வந்தது. அவனிடம் டெலிபோர்ட் மந்திரம் தயாராக இருந்தது. ஆற்றங்கரைக்கு அருகே அவர்களது கோபுரமும் நின்றது. அவனோ மேலே எதிரியின் கோபுரத்தை இடித்துக்கொண்டிருந்தான். அதுவும் ஒரு தந்திரமே. ஆனால், “நான் வரமாட்டேன், நீங்கள் பின்வாங்குங்கள்” என்று ஒரு சொல்லாவது சொல்லியிருக்கவேண்டும். சொல்லவில்லை. நால்வரும் மாண்டார்கள். கோபுரமும் பாதி உயிருடன் நின்றது. அதன்பின்பு அவன் அந்த நால்வருக்கும் எழுதிய வசைகளை இங்கே அச்சேற்ற முடியாது. அவற்றைப் படித்தபோது அவனே தலையைக் குனிந்துகொண்டான்.

அவனை ஏச எனக்கு வாய் வரவில்லை. காரணம் இருக்கிறது. 1990களின் நடுப்பகுதியில் நான் மலையகத்தில் ஒரு நாளிதழின் பிரதேச நிருபராக இருந்தேன். அதுவும் ஒரு மேல்வழிதான். தலைமையகம் தொலைவில், துணைக்கு எவருமில்லை. ஒரு தோட்டத்தில் வேலைநிறுத்தம் நடந்தது. இரண்டு நாட்கள் லயன் லயனாக ஏறி இறங்கினேன். சம்பளக் கழிவுகளில் நடந்த கோளாறுகளைத் தொழிலாளர்களின் துண்டுகளைக் கொண்டே குறித்துக்கொண்டேன். முழுமையான கட்டுரையாகக் கொண்டுபோய் எல்லாரையும் அசத்தவேண்டும் என்ற ஆசை. ஆகவே ஆசிரிய பீடத்துக்குத் தொலைபேசியில் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்த இரண்டாவது நாளிலேயே கொழும்பில் பேச்சுவார்த்தை நடந்தது. அங்கே சென்றிருந்த எங்கள் சக நிருபரின் கையில் கேட்பதற்குக் கேள்வி இல்லை. கேள்வி என் பையில் இருந்தது. உடன்படிக்கை கையெழுத்தானபின் மூன்றாம் நாள் என் கட்டுரை வெளியானது. நன்றாக எழுதியிருப்பதாகப் பலரும் பாராட்டினார்கள். அந்த லயன்களில் இருந்தவர்களுக்கு அதனால் ஐந்து சதப் பயனும் இல்லை.

என் வழியில் நான் வென்றேன். ஆட்டத்தில் தோற்றோம். முப்பது ஆண்டுகள் ஆகின்றன. அந்தப் பாராட்டுகள் இன்றும் என் காதில் உறுத்துகின்றன.

ஆகவே, தனிவழியில் தேர்ச்சிபெற விரும்பும் இளைஞர்களுக்கு நான் சொல்வது இதுதான். இரண்டு மூன்று பாத்திரங்களைத் தெரிந்தெடுத்து அவற்றின் ஆழம்வரை கற்றுக்கொள்ளுங்கள். அலையை நடத்தப் பழகுங்கள். தோற்றுப்போன ஆட்டங்களின் பதிவைப் பாருங்கள். அதில் மற்றவரின் பிழையை விட்டு உங்கள் பிழையைத் தேடுங்கள். சில வினாடிகளுக்கு ஒருமுறை உங்கள் வழியிலிருந்து கண்ணை எடுத்துச் சிறுவரைபடத்தைப் பாருங்கள். உங்களுக்கு நேர்ந்த நால்வரும் உங்களைப் போலவே எங்கோ ஓர் அறையில், யாரோ ஒரு தாய் சாப்பிடக் கூப்பிட்டும் எழுந்து போகாமல் அமர்ந்திருக்கும் பிள்ளைகள் என்பதை மறவாதீர்கள். 'குப்பை' என்று எழுதுமுன் விரலை எடுத்துவிடுங்கள்.

பெற்றோரே, இணைய இணைப்பைப் பிடுங்குமுன் ஒருநாள் கதிரையைப் போட்டு அருகே அமருங்கள். “இப்ப ஏன் பின்வாங்கினாய்?” என்று கேளுங்கள். பிள்ளை சொல்லும் விடை உங்களை வியக்கவைக்கும்.

மருமகன் இப்போதும் மேல்வழியில்தான் நிற்கிறான். நேற்று மாலை அவன் எதிரியைக் கொல்லும் தறுவாயில் இருந்தபோது கீழிருந்து அழைப்பு வந்தது. எதிரியை விட்டுவிட்டு டெலிபோர்ட் செய்தான். சண்டையில் வென்றார்கள், ஆட்டத்தில் தோற்றார்கள். மேசையை அறையும் ஓசை கேட்கவில்லை.