குடும்பத் தலைவர் யார்?



சில மாதங்களுக்கு முன் ஒரு நாள், அஸர் தொழுகை முடிந்து லிங்கநகரில் உள்ள என் வீட்டுக்குத் திரும்பியபோது, வாசலில் ஒரு சகோதரி காத்திருந்தார். பக்கத்தில் பத்து வயது மகள். கையில் அரசாங்க உதவிக்கான விண்ணப்பப் படிவம். எல்லாம் நிரப்பியிருந்தார். ஓர் இடம் மட்டும் வெறுமையாக இருந்தது. குடும்பத் தலைவரின் பெயர்.

"ராத்தா, இதுல ஏன் ஒண்டும் எழுதல்ல?" என்று கேட்டேன்.

"அவர் போய் ஏழு வருசம் மௌலவி. எங்கயோ உசிரோட இரிக்கார் எண்டு ஆக்கள் சொல்றாங்க. அவர்ர பேரப் போடுறதா, என்ர பேரப் போடுறதா?"

அந்தக் கேள்வி என்னைச் சுட்டது. பல வருடங்களுக்கு முன் நான் கற்பித்த ஓர் ஊரில், ஸகாத் பட்டியல் தயாரிக்கும் பொறுப்பு என்னிடம் இருந்தது. விதவைகளின் பெயர்களை முதலில் எழுதினோம். இப்படியான ஒரு தாயின் பெயர் வந்தபோது, "கணவன் உயிரோடு இருக்கிறாரே" என்று சொல்லி நானே கோடு போட்டு வெட்டினேன். கணவனின் செலவில் வாழும் மனைவி ஏழையாகக் கணக்கிடப்பட மாட்டாள் என்பது பிக்ஹு நூல்களில் நாம் ஓதிய சட்டம்தான். ஆனால் அந்தச் செலவு அவளுக்கு வந்து சேராவிட்டால் அவளும் ஸகாத்துக்கு உரியவளே என்பது அதே சட்டத்தின் மறுபாதி. முற்பாதியை மட்டும் நான் நினைவில் வைத்திருந்தேன். ஸகாத் பெறும் எட்டுக் கூட்டத்தாரில் 'விதவை' என்று ஒரு கூட்டம் தனியாக இல்லை. ஏழையும் வறியவருமே இருக்கிறார்கள். பார்க்க வேண்டியது தேவையை.

இந்தத் தவறு என் ஒருவனுடையது மட்டுமல்ல. வறுமையை ஆராய்ந்த அறிஞர்களும் நெடுங்காலம் குடும்பத்தை ஒரே பணப்பையாகவே எண்ணினார்கள். வாசல் வழியாக வருமானம் உள்ளே போனால் அது எல்லோருக்கும் பங்காகும் என்பது அவர்கள் கணக்கு. இங்கிலாந்தில் ஜான் பாஹ்ல் என்ற பெண் ஆய்வாளர், கணவனின் கொடுமை தாங்காது வெளியேறிப் புகலிடங்களில் தங்கியிருந்த பெண்களைக் கண்டு பேசினார். அரசு கொடுத்த சிறு உதவிப் பணத்தில் வாழ்ந்த அவர்களில் சிலர், கணவனோடு இருந்ததை விட இப்போது தங்கள் நிலை மேல் என்றார்கள். காரணம், அந்தப் பணம் அவர்கள் கைக்கே வந்தது. கணவன் இருக்கும் வீட்டுக்குள்ளும் மனைவி ஏழையாக இருக்கலாம் என்பதை இத்தகைய ஆய்வுகள் எடுத்துக்காட்டின.

நமது நாட்டில் ஏறக்குறைய நான்கில் ஒரு குடும்பத்துக்குப் பெண்ணே தலைவி. இந்தக் கிழக்கு மண்ணில் சிங்களம், தமிழ், முஸ்லிம் என்ற மூன்று சமூகங்களிலும் குடும்பத் தலைவிகளாக வாழும் பெண்களைக் காஞ்சனா ருவன்புர என்ற ஆய்வாளர் ஆராய்ந்து 2006ஆம் ஆண்டு நூலாக வெளியிட்டார். யுத்தம் மட்டுமே பெண்களைத் தனியாக்கவில்லை. நோயும், விபத்தும், விட்டுப்போன கணவன்மாரும் காரணம். உறவினர் கைகொடுப்பார்கள் என்பதும் எல்லோருக்கும் பொருந்துவதில்லை. இதில் நாம் படிக்க வேண்டிய பாடம் ஒன்றுண்டு. தனித்த தாய்மார் எல்லோரும் ஒரே மாதிரி இல்லை. வெளிநாட்டிலிருந்து மகன் பணம் அனுப்பும் விதவையும், மூன்று சிறு பிள்ளைகளோடு இடியப்பம் அவித்து விற்கும் தாயும் பட்டியலில் ஒரே சொல்லாகத்தான் தெரிவார்கள்.

'குடும்பத் தலைவர்' என்ற ஒரு சொல் செய்த வேலையையும் பாருங்கள். நம் பகுதிகளில் வீடு மகளுக்குச் சீதனமாகப் போவது வழக்கம். 2004 டிசம்பர் 26 சுனாமியில் அந்த வீடுகள் அழிந்தன. புதிய வீடுகள் வழங்கப்பட்டபோது, பல இடங்களில் உறுதிகள் குடும்பத் தலைவர் என்று கணவனின் பெயரில் எழுதப்பட்டன. தாய் வழியாக வந்த வீடு ஒரு படிவத்தால் கைமாறியது.

2013இல் இன்னொரு விதி வந்தது. ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளை உள்ள தாய் வீட்டுப் பணிப்பெண்ணாக வெளிநாடு செல்லத் தடை. 2022இல் அது தளர்த்தப்பட்டது. பிள்ளையின் நலன் கருதிய விதிதான். ஆனால் உழைக்க வேறு ஆள் இல்லாத தாய்க்கு, அடுப்பு எரிய மாற்று வழி என்ன என்று அந்த விதி சொல்லவில்லை.

சகோதரிகளே, சமுர்த்தியின் இடத்துக்கு 2023இல் அஸ்வெசும வந்தது. பெயர் மாறலாம், தொகை மாறலாம். கேள்வி சரியாக இல்லாவிட்டால் உரியவரின் பெயர் மீண்டும் விடுபடும். எனவே நமது மஹல்லாக்களில் பட்டியல் எழுதும்போது, "கணவர் இருக்கிறாரா?" என்று மட்டும் கேட்டு நிறுத்த வேண்டாம். சென்ற மாதம் வீட்டுக்குச் செலவு கொடுத்தது யார்? அந்தப் பணம் யார் கையில் இருக்கிறது? வீட்டு உறுதி யார் பெயரில்? பிள்ளைகளுக்குத் தாபரிப்புக் கேட்டுக் காதியாரிடம் போனாரா? தீர்ப்புக் கிடைத்தும் பணம் வராவிட்டால், அதை நீதவான் நீதிமன்றத்தின் மூலம் அறவிட வழி இருக்கிறது என்பதை யாராவது அவருக்குச் சொன்னார்களா? இவற்றையும் கேட்க வேண்டும். கேட்பவர் ஒரு பெண்ணாக இருந்தால் இன்னும் நல்லது. எங்கள் முன் சொல்லக் கூசும் விஷயங்களை அவர்கள் உங்களிடம் சொல்வார்கள்.

பாலைவனத்தில் பச்சிளம் குழந்தையோடு தனித்திருந்த ஹாஜர் அம்மையார், ஸபாவுக்கும் மர்வாவுக்கும் இடையில் தண்ணீர் தேடி ஓடினார்கள். இன்றும் ஹஜ்ஜுக்குச் செல்லும் ஆணும் பெண்ணும் அந்தத் தாயின் ஓட்டத்தையே ஓடுகிறார்கள். அங்கே ஓடிவிட்டு வந்து, நம் தெருவில் ஓடிக்கொண்டிருக்கும் தாயைக் காணாமல் இருப்பது நமக்கு அழகா?

அன்று அந்தப் படிவத்தில் அந்தச் சகோதரியின் பெயரையே எழுதினோம். பேனையை மகள் வாங்கி, உம்மாவின் பெயரை அழகான எழுத்தில் தானே எழுதினாள். பல வருடங்களுக்கு முன் நான் வெட்டிய பெயருக்கு உரியவரைத் தேடிக்கொண்டிருக்கிறேன். அல்லாஹ் என்னை மன்னிப்பானாக.